செயலாளரின் ஆண்டறிக்கை 2024–25

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, தாய்மார்களே, உறுப்பினர்களே, வணக்கம்.

தண்டனைச் சிறைவாசிகளின் குடும்பங்கள் சேர்ந்து நடத்தும் நம் சங்கத்துக்கு இது ஆறாவது ஆண்டு. நிர்வாகக் குழு ஒன்பது முறை கூடியது. இரண்டு முறை ஆள் சேரவில்லை. அன்றைக்குப் பாதிப் பேர் மனு பார்க்க, அதாவது சிறையில் இருப்பவரைச் சந்திக்க, போய்விட்டார்கள். பிள்ளைகளுக்கு நோட்டுப் புத்தகம் கொடுத்த விவரம் பொருளாளர் கணக்கில் இருக்கிறது. ஆண்டின் பெரும் வேலை பரோல் நிபந்தனைகள்தான்.

புதியவர்களுக்காகச் சொல்கிறேன். நாம் பரோல் என்பதை அரசு விடுப்பு என்கிறது. 1982-ஆம் ஆண்டின் தண்டனை நிறுத்திவைப்பு விதிகளின்படி தரப்படுவது. சாவு, கல்யாணம், கடும் நோய் என்றால் அவசர விடுப்பு. மூன்று ஆண்டு உள்ளே கழித்தவருக்குச் சாதாரண விடுப்பு. நன்னடத்தை அலுவலர் விசாரிப்பார், காவல் நிலையத்திலும் கேட்பார், அப்புறம்தான் உத்தரவு. லீவு கிடைத்ததா என்று மட்டும் பார்த்துவிட்டு, உத்தரவின் இரண்டாம் பக்கத்தை நாம் படிப்பதில்லை. நிபந்தனைகள் அங்கேதான் இருக்கின்றன.

உறுப்பினர் ஒருவரின் மகன், ஆயுள் தண்டனை, ஆடி மாதம் 21 நாள் வந்தார். மழைக்கு முன் ஓடு மாற்ற வேண்டும் என்பதுதான் அம்மாவின் ஒரே கோரிக்கை. காலையும் மாலையும் நிலையத்தில் கையெழுத்து. ஊரிலிருந்து 14 கிலோமீட்டர், நாளுக்கு மூன்றே பஸ். காலை பஸ்ஸில் போனால் மாலைக் கையெழுத்து வரை டீக்கடை பெஞ்சுதான். துணைக்குப் போன அம்மாவுக்கு டிக்கெட் இல்லை, மகனுக்கு உண்டு. அந்த நோட்டை நானே பார்த்தேன்: முதல் பக்கத்தில் இன்ஷியலோடு முழுப்பெயர், இரண்டாம் வாரத்திலிருந்து வெறும் கிறுக்கல். ஓட்டில் ஏறியது நாலு நாள். நிலையத்துக்கு எதிர்த்தெருவில் குடியிருக்கும் இன்னொருவருக்கும் இதே நிபந்தனை. அவருக்கு அது ஐந்து நிமிஷ வேலை.

பரோலில் கழிந்த நாட்களை ஆயுள் தண்டனைக்காரரின் முன்விடுதலைக்கான 14 ஆண்டுக் கணக்கில் சேர்க்க முடியாது என்று, கோவா சிறைவாசிகள் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் 2023 ஜனவரியில் சொல்லிவிட்டது. அப்படியானால் டீக்கடை பெஞ்சில் போன நாளும் வீட்டில் இருந்த நாளாகத்தானே எழுதப்படுகிறது?

ஜாமீன்தாரர் விஷயமும் இப்படித்தான். ஒரு சிறைவாசியின் அக்கா வீட்டுக்காரர், தூத்துக்குடியில் இருப்பவர், ஜாமீன் கையெழுத்துப் போட வந்தார். வெளி மாவட்டம் என்று திருப்பி அனுப்பினார்கள். மோதி ராம் என்ற கொத்தனாருக்குச் சகோதரர் ஜாமீன் நிற்க வந்ததை இதே காரணத்துக்காக மாஜிஸ்திரேட் தள்ளியதை, 1978-லேயே உச்ச நீதிமன்ற நீதிபதி கிருஷ்ணய்யர் தவறு என்றார். 10,000 ரூபாய் ஜாமீனை 1,000 ஆக்கினார். அது பெயில் வழக்கு, இது பரோல் என்று நம்மிடம் சொன்னார்கள். சரி. ஏழைக்கு உள்ளூரில் சொத்துள்ள சொந்தம் எங்கிருந்து வரும் என்ற கேள்வி இரண்டுக்கும் பொதுதானே?

நிபந்தனையே கூடாது என்று நாம் கேட்கவில்லை. பாதிக்கப்பட்ட குடும்பம் அதே தெருவில் இருந்தால் வேறு ஊரில் தங்கச் சொல்வது நியாயம்தான். இதில் குழுவில் சண்டையே நடந்தது, ஆனாலும் என் கருத்து அதுதான். 2019-ல் மகள் கல்யாண ஏற்பாட்டுக்காக, ராஜீவ் காந்தி கொலை வழக்கில் ஆயுள் தண்டனை பெற்ற நளினி 51 நாள் வெளியே இருந்தபோது, பேட்டி கொடுக்கக்கூடாது, அரசியல்வாதிகளைப் பார்க்கக்கூடாது என்றார்கள். பிடிக்கிறதோ இல்லையோ, அந்த வழக்கைப் பார்த்துப் போட்டது என்று புரிகிறது. ஓடு மாற்ற வந்தவருக்குத் தினம் இரண்டு கையெழுத்து எதைப் பார்த்துப் போட்டது?

இதைத்தான் மனுவாக எழுதினோம்: ஒவ்வொரு நிபந்தனைக்கும் எதிரே ஒரு வரி காரணம் வேண்டும், ஊருக்கும் நிலையத்துக்கும் உள்ள தூரத்தையும் உத்தரவில் குறிக்க வேண்டும். பரிசீலனையில் இருப்பதாகப் பதில் வந்தது. தை மாதம் ஒருவருக்கு மட்டும் வாரம் ஒரு கையெழுத்து என்று மாற்றினார்கள். அதற்கும் காரணம் எழுதவில்லை.

சந்தா பாக்கி உள்ளவர்கள் பொருளாளரைப் பார்க்கவும். அடுத்த கூட்டத்துக்கு வருகிறவர்கள் வீட்டிலிருக்கும் பழைய விடுப்பு உத்தரவுகளின் ஜெராக்ஸ் கொண்டுவரவும், இரண்டு பக்கமும்.

இப்படிக்கு,
செயலாளர்