சம்பளச் சீட்டில் ஒட்டிக்கொண்ட பெயர்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

இலங்கைத் தேயிலைத் தோட்டச் சம்பளச் சீட்டுகள் சிலவற்றில் 'ஓவர்கிலோரேட்' (கூடுதல் கிலோவுக்கான கொடுப்பனவு), 'ஈபீஎப்எம்ப்ளோயி' (ஊழியர் சேமலாப நிதியில் தொழிலாளியின் பங்கு) என்று இடைவெளியே இல்லாத ஆங்கிலச் சொற்கள் அச்சாகின்றன. இது அச்சுப் பிழையல்ல. நிரலுக்குள் இருக்கும் எனம் (enum, குறிப்பிட்ட சில தெரிவுகளுக்குப் பெயர் வைத்த பட்டியல்) பெயர் அப்படியே வெளியே வந்து நிற்கிறது. (அதை 'ஈனம்' என்று எழுதிப் பொருளைக் கெடுக்க வேண்டாம்!) சீ ஷார்ப், ஜாவா போன்ற நிரல் மொழிகளில் எனம் பெயருக்குள் இடைவெளி விட முடியாது. அதனால் சீ ஷார்ப்பில் சொற்களை ஒட்டி, ஒவ்வொன்றின் முதலெழுத்தையும் ஆங்கிலப் பெரிய எழுத்தாக எழுதுவார்கள். பெயரை எழுத்தாக எடுக்கும் டூஸ்ட்ரிங் போட்டால் அதுதான் வரும்.

பெரிய எழுத்துக்கு முன்னெல்லாம் இடைவெளி புகுத்துவது பலரும் செய்யும் கைவைத்தியம். அப்போது ஈபீஎப் மூன்று துண்டாகிவிடும். இரண்டு விதி வேண்டும். சிறிய எழுத்தை அடுத்துப் பெரியது வந்தால் நடுவே இடைவெளி. பெரிய எழுத்துகள் தொடர்ந்து வந்து பிறகு சிறியது வந்தால், கடைசிப் பெரிய எழுத்துக்கு முன்னால் இடைவெளி.

எப்படிப் பிரித்தாலும் அது ஆங்கிலம்தானே. கொழுந்து பறிப்பவருக்கு 'அரைப் பேர்' (அரைநாள் சம்பளம்), 'கைக்காசு' (கையில் காசாகத் தரும் வேலை) என்று இருந்தால்தான் விளங்கும். சீ ஷார்ப்பில் எனம் உறுப்பின் தலையில் டிஸ்கிரிப்ஷன் அட்ரிபியூட்டாக (விளக்கக் குறிப்பாக)த் தமிழ்ச் சொல்லையே எழுதலாம். சிங்களமும் வேண்டுமானால் டிஸ்ப்ளே அட்ரிபியூட்டும் மொழிக்கொரு ரிசோர்ஸ் கோப்பும் (மொழிபெயர்ப்புச் சொற்கள் உள்ள கோப்பு) தேவை. இவற்றை ரிப்ளெக்ஷன் (நிரல் ஓடும்போதே தன் அமைப்பைத் தானே பார்க்கும் வசதி) மூலம்தான் வாசிக்க வேண்டும். வரிக்கு வரி வாசித்தால் வேகம் குறையும், ஒருமுறை வாசித்து டிக்ஷனரியில் (நினைவகத்தில் வைக்கும் தேடல் பட்டியலில்) வைத்துக்கொள்ளுங்கள். தரவுத்தளத்தில் தமிழ்ச் சொல்லைச் சேமிக்கவே கூடாது. எனம் உறுப்புக்கான எண்ணைச் சேமிப்பதானால் ஒவ்வொரு உறுப்புக்கும் எண்ணை நீங்களே கொடுங்கள். இல்லாவிட்டால் நடுவில் புதிதாக ஒன்றைச் செருகியதும் அதற்குக் கீழுள்ளவை எல்லாம் ஒன்று தள்ளிப்போய், பழைய கைக்காசு வேறொன்றாக மாறிவிடும்.

அடுத்த வில்லங்கம் அச்சுப் பத்தியின் அகலம்; அதற்குள் அடங்காத சொல்லை வெட்ட வேண்டிவரும். 'கொழுந்து' கண்ணுக்கு 4 எழுத்து, கணினிக்கு 8 குறியீடு (உயிர்க்குறியும் புள்ளியும் தனித்தனி). 7இல் வெட்டினால் 'கொழுந்த' என்று நிற்கும். எனவே குறியீட்டை எண்ணாமல் முழு எழுத்தை எண்ணி வெட்ட வேண்டும். சீ ஷார்ப்பில் ஸ்ட்ரிங்இன்போ என்ற கிளாஸ் அதற்கு உதவும்.

ஆங்கிலத்திலும் வெட்டு ஆபத்துதான். ஈபீஎப் எம்ப்ளோயி, ஈபீஎப் எம்ப்ளோயர் இரண்டுக்கும் கடைசி எழுத்து ஒன்றுதான் வித்தியாசம். அது அறுபட்டால், சம்பளத்தில் கழியும் 8 சதவீதம் எது, நிர்வாகம் கட்டும் 12 சதவீதம் எது என்று தெரியாது. வேறுபடும் சொல்லை முன்னால் வையுங்கள்: 'தொழிலாளி சேமலாப நிதி', 'நிர்வாகம் சேமலாப நிதி'.

இப்படிக்கு,
மென்பொருள் நிரலாளர் ஒருவர்,
ஹட்டன்.