உளுந்துக் கடையின் கொள்முதல் கணக்கு

யாங்கோன், மியன்மார்

அன்புள்ள நண்பர் சுப்பையாவுக்கு,

நலம், நலமே விழைகிறேன். மோல்மேனில் தங்கள் தம்பி பருப்புக் கடை திறந்துவிட்டதையும், வியாபாரம் நடந்தும் கையில் பணம் தங்கவில்லை என்பதையும் தங்கள் கடிதத்தில் படித்தேன். பீலிக்கான் கோயில் தீமிதிக்கு வரும்போது பேசிக்கொள்ளலாம் என்று தள்ளிப்போடக்கூடிய விஷயம் அல்ல என்பதால் உடனே எழுதுகிறேன்.

கூட அனுப்பியிருந்த கணக்கைப் பார்த்தேன். பையின்னவுங் மொத்தச் சந்தையில் கொடுத்த பில் விலையையே கொள்முதல் விலை என்று வைத்துக்கொண்டு, அதன் மேல் 10 சதவீதம் ஏற்றித் தம்பி விற்கிறார். பேச்சுக்கு ஒரு கணக்குப் போடுகிறேன். வீசை 5,000 கியாட் என்று 100 வீசை உளுந்து எடுத்தால் பில் 5,00,000. தரகு, சாக்கு, ஏற்றுகூலி, இறக்குகூலி, மோல்மேன் வரை லாரி வாடகை எல்லாம் சேர்ந்து 30,000 ஆகிறது. வந்த சரக்கைச் சலித்து, கல்லும் தூசியும் சொத்தையும் நீக்கினால் நிற்பது 96 வீசை. அப்படியானால் ஒரு வீசையின் அடக்கம், அதாவது எல்லாச் செலவும் சேர்ந்து நமக்கு அடங்கும் விலை, ஏறக்குறைய 5,521 கியாட். அதை 5,500க்கு விற்றால் மொத்தத்தில் 2,000 கியாட் நட்டம். கூட்டம் மட்டும் கடையில் நிறைந்திருக்கும்.

சரக்கு விற்கத் தக்க நிலையில் கடைக்கு வந்து சேரும் வரை ஆன செலவெல்லாம் அதன் அடக்கத்தில் ஏறும். மொத்த வியாபாரி தரும் தள்ளுபடி கழியும். திரும்பப் பெற முடியாத வரி சேரும், ஈடுகட்டிக்கொள்ளக்கூடிய வரி சேராது. சரக்கிருப்பைக் கணக்கிடும் முறையைச் சொல்லும் சர்வதேசக் கணக்கியல் தரம் 2 சொல்வதும் இதையேதான். கடை வாடகையும் விற்பனைச் செலவும் இதில் வரா. அவற்றை லாபத்திலிருந்து தனியாகக் கழிக்க வேண்டும்.

கடன் சரக்கில்தான் தம்பி அதிகக் கவனமாக இருக்க வேண்டும் என்பது என் எண்ணம். ரொக்கத்துக்கு 5,000, ஒரு மாதத் தவணைக்கு 5,150 என்று வியாபாரி சொன்னால், அந்த 150 உளுந்தின் விலையல்ல, மாதம் 3 சதவீத வட்டி. வட்டியைச் சரக்கு விலையோடு கலந்து எழுதினால், எதற்கு எவ்வளவு கொடுக்கிறோம் என்பதே மறைந்துபோகும்.

வெளிநாட்டுச் சரக்கு எடுப்பதாக இருந்தால், மத்திய வங்கி 2022 ஆகஸ்டில் டாலருக்கு 2,100 கியாட் என்று நிர்ணயித்த விகிதத்தை வைத்து அடக்கம் போட வேண்டாம். டாலருக்கு உண்மையில் எத்தனை கியாட் கொடுத்தாரோ அதையே எழுதட்டும். சந்தையில் வீசைக்கு வாங்கிக் கடையில் கிலோ பாக்கெட்டாக விற்பதால், வீசைக்கு 1.63 கிலோ என்று மாற்றிய பிறகே இரண்டு விலையையும் ஒப்பிட வேண்டும்.

பழைய சரக்கும் புதிய சரக்கும் ஒரே தொட்டியில் கலந்துவிடும் கடைக்குச் சராசரி அடக்கமே பொருந்தும். ஆனால் விலை ஏறும் காலத்தில், அடுத்த மூட்டை என்ன விலைக்குக் கிடைக்கும் என்பதையும் பார்த்தே விற்பனை விலையைச் சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் ஏட்டில் லாபம் இருந்தும் அதே அளவு சரக்கைத் திரும்ப எடுக்கப் பணம் போதாது.

அடுத்த சரக்கு வந்ததும் பில், லாரிச் சீட்டு, சலித்த பின் போட்ட எடை மூன்றையும் எனக்கு அனுப்பச் சொல்லுங்கள். வீட்டில் அனைவருக்கும் என் அன்பைத் தெரிவியுங்கள்.

என்றும் அன்புடன்,
இராமநாதன்