வார்டுக்கு ஓர் அறை கொடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்னை மாநகராட்சியின் தூய்மைப் பணியாளர்களுக்கு வார்டுக்கு ஓர் அறை வேண்டும் என்று கேட்டு இதை எழுதுகிறேன். ஃபேன், குடிதண்ணீர், உள்ளே தாழ்ப்பாள் போடுகிற மாதிரி ஒரு கழிப்பறை, உட்கார்ந்து சாப்பிட பெஞ்சு. கேட்பது இவ்வளவுதான்.

தொழிலாளிகளை மனிதராக நடத்திய முதலாளியும் மேயருமான சாமுவேல் ஜோன்ஸ் என்பவரைப் பற்றியும் இதோடு சொல்ல வேண்டும். 1846-ல் வேல்ஸில் ஏழை வீட்டில் பிறந்து, மூன்று வயதில் பெற்றோரோடு அமெரிக்கா போனவர். பள்ளிப் படிப்பு அதிகம் கிடையாது. பென்சில்வேனியா எண்ணெய் வயல்களில் கூலி வேலையில் தொடங்கி, எண்ணெய்க் கிணற்றுப் பம்பை இயக்கும் தண்டைப் புதுவிதமாகச் செய்தார். 1894-ல் ஒஹாயோ மாநிலத்து டொலிடோவில் சொந்தக் கம்பெனி தொடங்கினார்.

நான் வாழ்நாள் முழுக்க ஃபிட்டர். ஐந்து நிமிஷம் தாமதமானால் அரைநாள் சம்பளம் பிடித்த இடத்திலும் வேலை பார்த்திருக்கிறேன். அதனால் ஜோன்ஸின் பட்டறையைப் பற்றிப் படித்தபோது நம்பவே கஷ்டமாக இருந்தது. நேரம் குறிக்க ஆள் கிடையாது. விதிமுறைப் பட்டியலும் கிடையாது. "மனுஷர் உங்களுக்கு எவைகளைச் செய்ய விரும்புகிறீர்களோ, அவைகளை நீங்களும் அவர்களுக்குச் செய்யுங்கள்" என்ற பைபிள் வசனம் மட்டும் சுவரில். 8 மணி நேர வேலை, சம்பளத்தோடு விடுமுறை, பக்கத்திலேயே பூங்கா. தொழிலாளிகள் உட்கார்ந்து சாப்பிட ஒரு கூடம், அங்கே அடக்க விலைக்கும் குறைவாகச் சூடான மதியச் சாப்பாடு.

1897-ல் குடியரசுக் கட்சி சார்பில் மேயரானார். 1899-ல் கட்சி சீட் தரவில்லை. சுயேச்சையாக நின்று சுமார் 70 சதவீத ஓட்டு வாங்கினார். நகராட்சி வேலையிலும் 8 மணி நேரத்தைக் கொண்டுவந்தார், போலீஸ்காரர்களின் குண்டாந்தடியை வாங்கிக்கொண்டு லேசான பிரம்பைக் கொடுத்தார். 1904-ல் இறக்கும் வரை அவர்தான் மேயர்.

நல்ல முதலாளி வரும்வரை காத்திருங்கள் என்று யாருக்கும் நான் சொல்லவில்லை. அப்படிக் காத்திருந்த ஊர் இல்லை இது. 1918-ல் பெரம்பூரில் பின்னி மில் தொழிலாளர்கள் சென்னைத் தொழிலாளர் சங்கத்தைத் தொடங்கியபோது, பி.பி. வாடியா, திரு.வி.க. ஆகிய தலைவர்கள் துணை நின்றபோது, முன்வைத்த முதல் கோரிக்கைகளில் ஒன்று மதியச் சாப்பாட்டு இடைவேளையைக் கூட்ட வேண்டும் என்பது. அரை மணி நேரத்தில் கை கழுவி, வரிசையில் நின்று, சாப்பிட்டுத் திரும்ப முடியவில்லை. அந்தத் தொழிலாளர்களின் வழிவந்தவர்கள்தான் இன்று நம் தெருக்களில் பேட்டரி வண்டியில் குப்பை அள்ளுகிறார்கள்.

வியாசர்பாடியில் எங்கள் தெருவுக்கு வரும் அக்காவிடம் ஒருநாள் தண்ணீர் வேண்டுமா என்று கேட்டேன். "வேணாண்ணா, குடிச்சா எங்க போறது?" என்றார். சித்திரை வெயிலில் சொன்ன பதில் அது. மாதவிடாய் நாட்களிலும் இதே நிலைதான். குப்பையை அள்ளிய கையைப் பாட்டில் தண்ணீரில் நனைத்துவிட்டு, மூடிய கடையின் படியில் உட்கார்ந்து டிபன் பாக்ஸைத் திறக்கிறார்கள். சோப்பு கிடையாது. கடைக்காரர் வந்துவிட்டால் பாதிச் சாப்பாட்டில் எழுந்திருக்க வேண்டும்.

வட சென்னை கவுன்சிலர்கள் இதை மாநகராட்சி மாமன்றக் கூட்டத்தில் பேச வேண்டும். புதுக் கட்டடம் கட்டும்வரை தள்ளிப்போட வேண்டாம். ஒவ்வொரு வார்டிலும் பயன்படாமல் இருக்கும் பொதுக் கட்டடம் எது என்று பார்த்து, வெள்ளையடித்து, குழாயும் விளக்கும் போட்டாலே போதும். அறையின் சாவி காண்ட்ராக்டரிடமோ மேஸ்திரியிடமோ போகக் கூடாது, அந்தப் பெண்களிடமே இருக்க வேண்டும்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஃபிட்டர் ஒருவர்,
வியாசர்பாடி, சென்னை-39