ஸ்மித் யாரை வைதார்?

அன்பு நண்பா,

கடிதம் கிடைத்தது. முழங்கால் வலி தேவலாம். மகளுக்கு இங்கே பினாங்கின் பாயான் லெப்பாஸ் ஆலையில் வேலை நிரந்தரமாகிவிட்டது. அவளுக்கு இரவு ஷிப்ட் என்றால் அவள் அம்மாவுக்குத்தான் தூக்கமில்லை.

கோலாலம்பூர்க் கூட்டத்தில் ஒருவர், "பினாங்கு ஆடம் ஸ்மித் பெற்ற பிள்ளை" என்று முழங்கினாராமே! கணக்கு என்னவோ பொருந்துகிறது. சுதந்திரச் சந்தையின் தந்தை என்று சொல்லப்படும் பொருளியல் அறிஞர் ஸ்மித்தின் 'நாடுகளின் செல்வம்' நூல் வந்தது 1776. ஆங்கிலேயர் பிரான்சிஸ் லைட் இங்கே கொடி நட்டது 1786. சுங்கம் இல்லாத துறைமுகம், யாரும் வரலாம், விற்கலாம். நம் சூலியா (தமிழ் முஸ்லிம்) வியாபாரிகளும் அப்படித்தான் வந்து குவிந்தார்கள்.

ஆனால் லைட் கொடி நட்டது யாருக்காக? கிழக்கிந்தியக் கம்பெனிக்காக. அந்தக் கம்பெனியைத்தான் ஸ்மித் அதே நூலில் கிழித்துத் தொங்கவிட்டார். வியாபாரக் கம்பெனி ஒன்று நாடாள்வதைவிட மோசமான ஆட்சி இருக்கவே முடியாது என்கிற அளவுக்கு எழுதினார். வங்காளத்தில் அபின் விலையை ஏற்றுவதற்காக, விளைந்து நின்ற கசகசா வயலையே உழுதுபோடச் சொன்ன கம்பெனி அதிகாரிகளைப் பற்றியும் அதில் இருக்கிறது. அதே அபினை இங்கே சில்லறையில் விற்கும் உரிமையைக் கம்பெனி ஏலம் போட்டுக் குத்தகைக்கு விட்டது. சாராயத்துக்கும் அப்படியே. கப்பலுக்குச் சுங்கம் இல்லை, கூலிக்காரனின் போதையில்தான் வசூல்! இதில் எங்கே இருக்கிறது சுதந்திரச் சந்தை?

அவனவன் தன் லாபத்தைத் தேடினாலும் அது ஊருக்கும் நன்மையாக முடியும் என்பதற்கு ஸ்மித் சொன்ன 'கண்ணுக்குத் தெரியாத கை' அந்தத் தடித்த நூலில் ஒரே ஒரு இடத்தில்தான் வருகிறது. பின்னால் வந்தவர்கள், முக்கியமாக மில்ட்டன் ஃபிரீட்மன் போன்ற சிக்காகோப் பொருளியல்காரர்கள், அதையே அவருடைய மொத்தப் போதனையாக்கிவிட்டார்கள். ஏழைப் பிள்ளைகளின் படிப்புக்கு அரசு செலவிட வேண்டும், வட்டிக்கு உச்சவரம்பு வேண்டும் என்று ஸ்மித் எழுதியதை மேடையில் யாரும் சொல்வதில்லை. நம் ஊர் ஆலோங்குகளுக்கு, அதாவது கந்துவட்டிக்காரர்களுக்கு, ஆகாத மனிதர் அவர்.

என் கட்சி இதுதான்: பினாங்கில் சந்தை தானாக முளைத்ததே இல்லை. 1969இல் சுங்கமில்லாத் துறைமுகச் சலுகை பறிபோய் ஊரே வேலையில்லாமல் திண்டாடியபோது, அப்போதைய முதலமைச்சர் லிம் சோங் யூவின் மாநில அரசுதான் நிலம் ஒதுக்கி, வரிச்சலுகை காட்டி, 1972இல் பாயான் லெப்பாஸுக்கு ஆலைகளை வரவழைத்தது. 'சுதந்திர வணிக வலயம்' என்று அதற்குப் பெயர். வேலி போட்டது அரசாங்கம்!

தீபாவளிக்குக் கட்டாயம் வா. அந்தப் பேச்சாளரையும் அழைத்து வா, பசியாறிக்கொண்டே சண்டை போடலாம்.

அன்புடன்,
உன் பினாங்குக்காரன்