விமான எஞ்சின் வணிகக் கணக்கைப் பிரித்துக் காட்டுங்கள்: ஒன்றிய வர்த்தக அமைச்சகத்துக்கு ஒரு திறந்த மடல்

ஒன்றிய வர்த்தக, தொழில் துறை அமைச்சர் அவர்களுக்கும், கொல்கத்தாவில் இயங்கும் வணிக நுண்ணறிவு மற்றும் புள்ளியியல் தலைமை இயக்குநரகத்துக்கும்,

வணக்கம்.

பயணிகள் விமான எஞ்சின்களுக்கு இந்தியா கொடுக்கும் விலை ஏறுகிறதா, இறங்குகிறதா என்ற நேரடியான கேள்விக்கு, நீங்கள் மாதந்தோறும் வெளியிடும் இறக்குமதி அட்டவணையைக் கொண்டு விடை சொல்ல முடிவதில்லை. 2023ஆம் ஆண்டில் மட்டும் ஏர் இந்தியா 470 விமானங்களையும் இண்டிகோ 500 விமானங்களையும் வாங்கப்போவதாக அறிவித்தன. ஒவ்வொன்றுக்கும் இரண்டு எஞ்சின்கள். அவற்றோடு மாற்று எஞ்சின்கள், பல ஆண்டுப் பராமரிப்பு, உதிரிபாகங்கள். இத்தனை பெரிய செலவைப் பற்றிய பொதுக் கணக்கு தெளிவில்லாமல் இருப்பது நாட்டுக்கு நல்லதல்ல என்பதால்தான் இதை எழுதுகிறேன்.

முதலில் சுங்கக் குறியீட்டை எடுத்துக்கொள்வோம். 25 கிலோநியூட்டனுக்கு மேல் உந்துவிசை தரும் ஜெட் எஞ்சின்கள் எல்லாம் 8411 12 என்ற ஒரே குறியீட்டில் அடங்குகின்றன. இண்டிகோவின் ஏ320நியோவுக்கு வரும் மாற்று எஞ்சினுக்கும் அதுதான் குறியீடு. தேஜஸ் போர் விமானத்துக்கான எஃப்404 எஞ்சினுக்கும் அதுதான் குறியீடு. 2021 ஆகஸ்டில் இந்துஸ்தான் ஏரோநாட்டிக்ஸ் நிறுவனம் ஆதரவுச் சேவைகளையும் சேர்த்து 71.6 கோடி டாலருக்கு 99 எஃப்404 எஞ்சின்களைக் கேட்டது. 2025 மார்ச்சில் அவை வரத் தொடங்கின. குறியீட்டிலேயே சிவில், ராணுவம் என்ற பிரிவு இல்லாதபோது, ஒரு மாத எண் உயர்வதற்குப் பயணிகள் விமானத் துறை காரணமா, பாதுகாப்புத் துறை காரணமா என்று அதைப் படிப்பவர் எப்படி அறிவார்?

அதே வேளையில், நாட்டுக்குள் வரும் எஞ்சின்களில் பெரும்பகுதி இந்தக் குறியீட்டுக்குள் வருவதே இல்லை. இறக்கையில் பூட்டப்பட்டுப் பறந்து வரும் எஞ்சின், விமானத்தின் பகுதியாக 8802 என்ற தலைப்பில் கணக்காகிறது. 8411இல் தெரிவது தனியாகப் பெட்டியில் வரும் மாற்று எஞ்சின்கள்தான். உதிரிபாகங்களுக்கான 8411 91 இன்னும் கடினம். அங்கே அளவு கிலோகிராமில் தரப்படுகிறது. நிக்கல் உலோகக் கலவையில் ஒற்றைப் படிகமாக வார்க்கப்பட்ட டர்பைன் பிளேடையும் ஒரு சாதாரண உலோகப் பிடிமானத் துண்டையும் ஒரே தராசில் வைத்து, ஒரு கிலோவுக்கு இத்தனை ரூபாய் என்று சராசரி போட்டால், அந்தச் சராசரி எதற்கும் பயன்படாது.

எண்ணிக்கையால் மொத்த மதிப்பை வகுத்து ‘ஓர் எஞ்சினின் விலை’ என்று அறிக்கைகளில் எழுதுவோரும் இருக்கிறார்கள். எஞ்சினுக்குள் இருக்கும் சுழல் தட்டுகளுக்கு இத்தனை பறப்புகள்தான் என்ற ஆயுள் வரம்பு உண்டு. வரம்பு முடிந்ததும் தட்டு நல்ல நிலையில் தோன்றினாலும் கழற்றியே ஆக வேண்டும். அதனால் ஒவ்வொரு தட்டுக்கும், அது தயாரிக்கப்பட்ட நாளிலிருந்து எந்த எஞ்சினில், எத்தனை பறப்புகள் ஓடியது என்ற ஆவணம் தொடர்ச்சியாக இருக்க வேண்டும். ஒரே மாதிரி எண் கொண்ட இரண்டு எஞ்சின்களில், ஒன்றின் தட்டுகளுக்குப் பெரும்பகுதி ஆயுள் மிச்சமிருந்து மற்றதற்கு ஓராண்டே மிச்சமிருந்தால், விலையில் பெரும் வேறுபாடு வரும். ஆவணத்தில் ஒரு பக்கம் காணாமல் போனால் தட்டின் மதிப்பே போய்விடும். உங்கள் அட்டவணையிலோ இரண்டும் எண்ணிக்கையில் ‘ஒன்று’தான்.

புதிய எஞ்சினின் விலையும் வெளிப்படையானதல்ல. 2019 ஜூனில் இண்டிகோ 280 விமானங்களுக்கு சிஎஃப்எம் நிறுவனத்தின் லீப் எஞ்சின்களைத் தேர்ந்தபோது, ஒப்பந்தத்தின் மதிப்பு பட்டியல் விலையில் 2,000 கோடி டாலருக்கு மேல் என்று அறிவிக்கப்பட்டது. அதற்குள் எஞ்சின், மாற்று எஞ்சின், நீண்ட காலப் பழுதுபார்ப்பு மூன்றும் அடங்கியிருந்தன. இந்தத் தொழிலில் எஞ்சினைப் பெரும் தள்ளுபடியில் கொடுத்துவிட்டு, பின்வரும் 20, 25 ஆண்டுகளின் உதிரிபாகத்திலும் பறக்கும் ஒவ்வொரு மணிக்கும் இவ்வளவு என்று வாங்கும் பராமரிப்புக் கட்டணத்திலும் லாபம் எடுப்பதே வழக்கம். ஆகவே உண்மையான விலை உயர்வு அட்டவணையின் எஞ்சின் வரிசையில் தெரியாது. உதிரிபாக வரிசையிலும் சேவைக் கட்டணத்திலும்தான் தெரியும். இதில் ரூபாயின் சரிவையும் கவனிக்க வேண்டும். 2022 தொடக்கத்தில் 75 ரூபாய்க்கு அருகில் இருந்த டாலர் 2025 டிசம்பரில் 90 ரூபாயைத் தாண்டியது. விற்பவர் ஒரு காசுகூட ஏற்றாமல் இருந்தாலும் ரூபாய்க் கணக்கில் ஐந்தில் ஒரு பங்கு ஏறியிருக்கும்.

கணக்கு தெளிவாக இல்லாததன் விளைவை ஏற்கெனவே கண்டுவிட்டோம். அமெரிக்க எஞ்சின் தயாரிப்பாளரான பிராட் அண்ட் விட்னியின் எஞ்சின்கள் வந்து சேராததே காரணம் என்று கூறி 2023 மே 2ஆம் தேதி கோ ஃபர்ஸ்ட் விமான நிறுவனம் திவால் நடவடிக்கையை நாடியது. 2025 ஜனவரியில் அதைக் கலைக்க உத்தரவானது. 2023 ஜூலையில், அந்த எஞ்சின்களின் தட்டுகளைச் செய்யப் பயன்பட்ட உலோகத் தூளில் மாசு இருந்தது வெளியானது. ஓர் எஞ்சினைக் கழற்றி, சோதித்து, மீண்டும் பூட்ட 250 முதல் 300 நாட்கள் ஆகும் என்று தயாரிப்பாளரே சொன்னார். 2024 தொடக்கத்தில் இண்டிகோவின் எழுபதுக்கும் மேற்பட்ட விமானங்கள் தரையில் நின்றன. மாற்று எஞ்சின்களின் குத்தகை உயர்ந்தது. பழைய எஞ்சின்களுக்கும் கிராக்கி வந்தது. உலகின் சில இடங்களில் பத்து வயதுகூட ஆகாத விமானங்களை எஞ்சினுக்காகவே பிரித்தார்கள். இந்த நெருக்கடி இந்தியாவுக்கு எவ்வளவு செலவு வைத்தது என்பதை வணிகப் புள்ளிவிவரத்திலிருந்து எடுக்க வழியே இல்லை.

அரசு இத்துறைக்குப் பல சலுகைகளைத் தந்திருக்கிறது என்பதை மறுக்கவில்லை. பழுதுபார்ப்புச் சேவைக்கான ஜிஎஸ்டி 2020இல் 18இலிருந்து 5 சதவீதமானது. 2024 ஜூலை 15 முதல் விமான உதிரிபாகங்கள் அனைத்துக்கும் ஒரே சீராக 5 சதவீத ஐஜிஎஸ்டி (இறக்குமதியின்போது வசூலிக்கப்படும் ஒருங்கிணைந்த ஜிஎஸ்டி) வந்தது. பழுதுபார்க்க வந்த விமானப் பொருளைத் திருப்பி அனுப்பும் கெடு ஆறு மாதத்திலிருந்து ஓராண்டானது. 2025 நவம்பர் 26 அன்று ஹைதராபாத்தில் பிரான்சின் சாஃப்ரான் நிறுவனத்தின் லீப் எஞ்சின் பழுதுபார்ப்பு மையம் திறக்கப்பட்டது. 2035இல் ஆண்டுக்கு 300 எஞ்சின்கள் என்பது அதன் இலக்கு. இவை வரவேற்கத்தக்கவை. ஆனால் இவற்றால் எத்தனை எஞ்சின்கள் வெளிநாடு போகாமல் மிச்சமாயின, எவ்வளவு அந்நியச் செலாவணி தங்கியது என்று அளக்க அடிப்படை எண் வேண்டாமா?

ஆகவே நான் கேட்பது இதுதான். 8411 12க்குக் கீழே சிவில் எஞ்சினையும் ராணுவ எஞ்சினையும், புதியதையும் பயன்படுத்தியதையும் பிரிக்கும் எட்டு இலக்கக் குறியீடுகளை உருவாக்குங்கள். விலைக்கு வாங்கியது, குத்தகைக்கு வந்தது, பழுதுபார்க்கப் போய்த் திரும்பியது என்ற மூன்றையும் தனித்தனியே வெளியிடுங்கள். பழுதுபார்ப்புக்காகவோ உரிமை மாறாத இயக்கக் குத்தகையிலோ எல்லை கடக்கும் பொருளைச் சரக்கு வணிகத்தில் சேர்க்க வேண்டாம் என்பதே ஐ.நா.வின் 2010ஆம் ஆண்டுப் பரிந்துரை. சிறப்புப் பொருளாதார மண்டலத்துக்குள் இருக்கும் ஹைதராபாத் மையத்துக்குப் போய்வரும் எஞ்சின்களுக்கும் அட்டவணையில் தனி வரிசை ஒதுக்குங்கள். நிறுவனங்களின் ஒப்பந்த விலையை அம்பலப்படுத்தச் சொல்லவில்லை. காலாண்டுக்கு ஒருமுறை, டாலரிலும் ரூபாயிலும், மொத்த எண்களாகத் தந்தால் போதும்.

உலகச் சுங்க அமைப்பின் புதிய குறியீட்டுப் பதிப்பு 2028 ஜனவரி 1 அன்று நடைமுறைக்கு வருகிறது. அதற்காக நம் சுங்கப் பட்டியலை எப்படியும் திருத்தியாக வேண்டும். ஆனால் எட்டு இலக்கப் பிரிவுகளைச் சேர்க்க அதுவரை காத்திருக்கத் தேவையில்லை. நிதி அமைச்சகத்தோடு பேசி, வரும் நிதி மசோதாவிலேயே இதைச் செய்யுமாறு வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
விமானப் போக்குவரத்து வணிகத்தைக் கவனித்துவரும் ஒரு குடிமகன்