பனையடிக் காணி

முள்ளியவளை
வைகாசி, வெள்ளிக்கிழமை

அன்புள்ள மகள்,

வற்றாப்பளைப் பொங்கல் முடிந்தது. உன் பெயரிலும் அர்ச்சனை செய்தேன். மாமி உன்னைக் கேட்டா. வேலை கூட என்று சொல்லிவிட்டேன். நேரத்துக்குச் சாப்பிடு. இரவு வேலைக்குப் போகும்போது காதை மூடிக்கொண்டு போ.

பனையடிக் காணி விசயம் உனக்குத் தெரிந்திருக்கும். தம்பி சொன்னானோ, மாமி சொன்னாவோ, நான் கேட்கவில்லை. ரோட்டை அகலமாக்க எடுக்கிறார்கள். ரோட்டு வேண்டாம் என்று நான் ஒருநாளும் சொன்னதில்லை. மாரியில் அந்த வளைவில் எத்தனை பேர் விழுந்தார்கள்! ஆனால் எடுப்பதற்கும் ஒரு முறை இருக்கிறதே. 1950ஆம் ஆண்டுக் காணி எடுத்தற் சட்டத்தை இரண்டு தரம் வாசித்தேன். ஆட்சேபிக்கக் குறைந்தது 14 நாள் தர வேண்டும். பிறகு உரித்துக் கோரச் சொல்லி அறிவித்தல், விசாரணை, அதற்குப் பிறகுதான் நட்டஈட்டுத் தீர்ப்பு. ஆனால் அவசரம் என்றால் விசாரணை முடியாமலே காணியைப் பொறுப்பெடுக்க 38ஆம் பிரிவில் இடம் வைத்திருக்கிறார்கள். எங்களுக்கு அதுதான் நடந்தது. தீர்ப்புக்கு முதலே பெக்கோ இயந்திரம் வந்தது. வேலியோரத் தென்னை மூன்றும், அம்மா வைத்த கறுத்தக்கொழும்பான் மாமரமும் ஒரே காலையில் போய்விட்டன.

விசாரணை பத்து நிமிடம். விலை எப்படி மதித்தீர்கள் என்று கேட்டேன். அடுத்த ஆளைக் கூப்பிட்டார்கள். நான் விடவில்லை. 2016ஆம் ஆண்டுத் தகவல் அறியும் சட்டத்தின் கீழ் விண்ணப்பம் கொடுத்தேன். தருவதா இல்லையா என்று 14 வேலை நாளுக்குள் அவர்கள் முடிவு சொல்ல வேண்டும். மதிப்பறிக்கை கைக்கு வந்தது. ரோட்டோர மேட்டுக் காணியை வயல் விலையில் கணக்குப் பார்த்திருக்கிறார்கள். தீர்ப்பில் தொகை போதாவிட்டால் 21 நாளுக்குள் மீளாய்வுச் சபைக்குப் போக வேண்டும். 21 நாள், பிள்ளை. நினைவில் வை.

2025 மார்ச் 28 அரச வர்த்தமானி அறிவித்தல் உனக்கு நினைவிருக்கும். வடக்கில் 5,940 ஏக்கர், மூன்று மாதத்துக்குள் உரிமை கோராவிட்டால் அரச காணி என்றார்கள். அன்று நான் கூட்டத்தில் எழும்பி, கனடாவிலும் சுவிசிலும் இருக்கிற பிள்ளைகளைக் கேட்காமல் அவர்களுடைய காணியை எப்படி எடுப்பீர்கள் என்று கேட்டேன். எல்லோரும் கைதட்டினார்கள். தம்பி வீடியோ அனுப்பினான். ஜூனில் உயர் நீதிமன்றம் இடைக்காலத் தடை போட்ட அன்று நீ போன் எடுத்து, "அப்பா வடிவாகக் கதைத்தீர்கள்" என்றாய்.

அந்த வாயாலேயே இதையும் சொல்ல வேண்டியிருக்கிறது. உரித்துக் கோரிக்கையில் உன் பெயரை நான் எழுதவில்லை.

காணி உறுதிப் பத்திரம் இடம்பெயர்வில் தொலைந்துபோனதால் காணிப் பதிவகத்தில் பிரதி எடுத்தேன். அதில் இருப்பது அம்மாவின் பெயர். அவவின் சீதனம். எங்கள் வடக்குத் தமிழரின் தேசவழமைச் சட்டப்படி அவவுக்குப் பிறகு அது உனக்கும் தம்பிக்கும். அது தெரிந்துகொண்டே, உரித்தாளர் நான் ஒருவன் என்று எழுதிக் கையெழுத்து வைத்தேன். உன்னைச் சேர்த்தால், உனக்காகக் கையெழுத்து வைக்க அற்றோணித் தத்துவப் பத்திரம், தூதரகம் என்று இழுபடும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். உண்மை அது மட்டுமில்லை. வெளியில் இருக்கிறவளுக்கு எதற்கு, தம்பிக்குத்தானே கடன் என்று நினைத்தேன். நீ மாதாமாதம் அனுப்பிய காசில் போட்ட கூரைக்குக் கீழே இருந்துதான் அந்தப் படிவத்தை நிரப்பினேன். கேட்டிருந்தால் உன் பங்கை நீயே அவனுக்கு எழுதிக் கொடுத்திருப்பாய். நான் உன்னைக் கேட்கவே இல்லை. தம்பியைக் கோவிக்காதே, அவனுக்கும் நான் சொல்லவில்லை.

சித்திரைக்குப் பிறகு நீ போன் எடுக்காதது எதனால் என்று நான் கேட்க வரவில்லை.

திங்கட்கிழமை போய், உங்கள் இரண்டு பேருடைய பெயரும் போட்டுத் திருத்திய கோரிக்கையைக் கொடுத்தேன். தீர்ப்பு இன்னும் எழுதவில்லை என்றார்கள். முத்திரை குத்திய பிரதி இதோடு இருக்கிறது. ஆனால் என்னை மட்டும் நம்பியிருக்காதே. நீயும் தனியாகக் காணி எடுக்கும் அதிகாரிக்கு எழுது. அம்மாவின் இறப்புச் சான்றிதழ், உன் பிறப்புச் சான்றிதழ் இரண்டின் பிரதியும் வை. அப்பாவுக்கு எதிராகப் போகிறதே என்று தயங்காதே. உரித்தில் பிணக்கு என்றால் 10ஆம் பிரிவின்படி நீதிமன்றத்துக்கும் போகலாம். அங்கே கேட்டாலும் நான் இதையேதான் சொல்வேன்.

பதிவுத் தபாலில் போடு. என்னோடு கதைக்க மனம் வராவிட்டால், ரசீதின் படத்தைத் தம்பிக்காவது அனுப்பு.

அப்பா