மாகோர் பித்து

மாப்ள,

உன் கடிதத்துக்குப் பதில் போடவில்லை, திட்டிக்கொள். வீட்டில் எல்லோரும் நலம், அம்மாவுக்கு மூட்டுவலிதான். சோடாபுட்டி கடனை இன்னும் தரவில்லை, தரவும் மாட்டான்.

கொஞ்ச நாளாக ஒரு செக் நாட்டுக்காரன் என்னைப் பிடித்து ஆட்டுகிறான். இவான் மார்ட்டின் யிரௌஸ். கலை வரலாறு படித்த கவிஞன், ஆனால் ஊரே அவனைக் கூப்பிட்டது மாகோர் என்றுதான், அதாவது கிறுக்கன். ‘பிளாஸ்டிக் பீப்பிள் ஆஃப் த யுனிவர்ஸ்’ என்று ஒரு ராக் குழு, 1968இல் சோவியத் டாங்கிகள் செக்கோஸ்லோவாக்கியத் தலைநகர் பிராகுக்குள் வந்த கையோடு தொடங்கியது. அதற்கு இவன்தான் மூளை. 1970 வாக்கில் மேடையேற அரசு தந்த உரிமம் போயிற்று. மற்ற குழுக்கள் முடியை வெட்டி, பெயரை மாற்றி, பாட்டை மாற்றி மேடையைக் காப்பாற்றிக்கொண்டபோது, இவர்கள் கிராமத்துக் கல்யாண விருந்து என்ற சாக்கில் கச்சேரி நடத்தினார்கள். 1976 பிப்ரவரியில் பொயானோவிட்செயில் நடந்ததோ மாகோரின் சொந்தக் கல்யாணம்! அடுத்த மாதமே கூண்டோடு அள்ளிக்கொண்டு போனார்கள். ரவுடித்தனமாம். இவனுக்கு 18 மாதம்.

அதற்குச் சற்று முன்புதான் நாடகக்காரர் ஹாவெலைச் சந்தித்து, ஒலிநாடாக்களைப் போட்டுக் காட்டி, விடியும்வரை பேசியிருக்கிறான். அந்த வழக்கு ஹாவெலை உலுக்கியது, 1977 ஜனவரியில் ‘சாசனம் 77’ என்ற மனித உரிமை அறிக்கை வந்ததில் அதற்குப் பெரிய பங்கு உண்டு.

ஆனால் ஆளைப் புனிதராக்கிவிடாதே. 1973இல் மதுக்கடையில் ஓய்வுபெற்ற உளவுப் போலீஸ்காரரோடு வம்பு வளர்த்து, கம்யூனிஸ்ட் கட்சிப் பத்திரிகையைக் கிழித்துத் தின்று உள்ளே போனவன். ஆட்சி மாறிய பிறகும் குடி, கலாட்டா எதுவும் குறையவில்லை. மொத்தம் ஐந்து முறை சிறை, எட்டரை ஆண்டு! வால்டிட்சே சிறையில் எழுதி வெளியே கடத்திய ‘அன்னப்பறவைப் பாடல்களில்’ கெட்ட வார்த்தையும் ஜெபமும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்திருக்கின்றன. அங்கிருந்தே தன் சின்னஞ்சிறு மகள்களுக்கும் பாட்டு எழுதினான். எனக்கு அங்கேதான் உறுத்துகிறது. அப்பா கொள்கைக்காக உள்ளே இருக்கிறார் என்பதை அந்த வயதில் எந்தப் பெண் குழந்தை கேட்டுக்கொள்ளும்? அவன் சரியாகத்தான் செய்தான் என்றும் தோன்றுகிறது, அந்த வீட்டில் மட்டும் நான் பிறந்திருக்க வேண்டாம் என்றும் தோன்றுகிறது.

1975இல் எழுதிய கட்டுரையில் அவன் சொன்னது எளிமையானது: அனுமதிக்காகக் கொஞ்சம் விட்டுக்கொடுத்தாலும் கலை கெட்டுப்போகும், ஆகவே அவர்கள் மேடையே நமக்கு வேண்டாம், நமக்கென்று வேறு பண்பாட்டைக் கட்டிக்கொள்வோம். படித்ததும் உன் நினைவு வந்தது. மண்டபம் கிடைக்க வேண்டுமென்று உன் நாடகத்தில் தாசில்தார் காட்சியை வெட்டிவிட்டாயாமே? சோடாபுட்டிதான் சொன்னான், சிரித்துக்கொண்டே. எனக்குச் சிரிப்பு வரவில்லை, கோபமும் வரவில்லை. உனக்கு இரண்டு பிள்ளைகள், வங்கிக் கடன் வேறு. ஆனால் நாடகத்திலேயே நன்றாக இருந்தது அது ஒன்றுதானடா.

வெட்டிய பக்கங்களை எனக்கு அனுப்பு. அடுத்த மாதம் அக்கா பெண்ணுக்குக் கல்யாணம், சாப்பாட்டுப் பந்தி முடிந்தால் மாடி காலியாகத்தான் இருக்கும்.

உன்,
மொட்டை